மரக்கட்டையில் முளைத்த பூனை நாக்கு

அக்டோபர் கடைசி வாரம். வாஷிங்டன் மாநிலத்தில் கேஸ்கேட் மலையடிவாரக் காடு. நாலு நாள் மழை அப்போதுதான் ஓய்ந்திருந்தது. நானும் வீட்டுக்காரரும் சாந்தரெல் காளான் தேடிப் போயிருந்தோம், ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. கால் வலிக்கிறதே என்று, விழுந்து மக்கிப்போன ஹெம்லாக் என்ற ஊசியிலை மரத்தின் மேல் உட்காரப் போனேன். கை ஊன்றிய இடம் சில்லென்று வழுக்கியது. பதறிப்போய்க் கையை எடுத்தேன், நத்தையோ என்று.

நத்தை இல்லை. பாசிக்கு நடுவே நாக்கு நீட்டினாற்போல் ஏழெட்டு வரிசையாக நின்றன. பெரியது என் கட்டைவிரல் நீளம் இருக்கும். மேல்பக்கம் சாம்பல் படிந்த வெள்ளை, லேசான சொரசொரப்பு. ஒன்றைக் கிள்ளி வெளிச்சத்தில் பிடித்தால் இளநுங்கு மாதிரி ஒளி ஊடுருவியது. திருப்பினேன். அடியில் பொடிப் பொடியாகப் பற்கள், ஒவ்வொன்றும் இரண்டு மூன்று மில்லிமீட்டர். நுனி கூர்மைதான், ஆனால் குத்தவில்லை. விரலால் தடவினால் வளைந்து கொடுத்துவிட்டு மறுபடி நிமிர்ந்துகொண்டன. எத்தனையோ வருடமாகக் காளான் பார்க்கிறேன், இப்படி ஒன்றைத் தொட்டதில்லை.

உற்சாகத்தில் மேல்பக்கத்தை மட்டும் பத்துப் படம் எடுத்துவிட்டு வந்தேன். அது தப்பு. சியாட்டிலில் 1964 முதல் இயங்கும் பியூஜெட் சவுண்ட் மைக்கலாஜிக்கல் சொசைட்டி என்ற காளான் சங்கத்தாரிடம் நல்லவேளையாக இரண்டு துண்டும் கொண்டுபோனேன். அங்கிருந்த பெரியம்மா ஒருவர் படத்தைப் பார்க்கவே இல்லை. துண்டை வாங்கினார், திருப்பினார், "பூனை நாக்கு" என்றார். பல் இருக்கிறதா, சதை ஜெல்லியா, ஊசியிலை மரக்கட்டையில் முளைத்ததா என்று மூன்றே கேள்வி. மூன்றுக்கும் ஆமாம் என்றால் வேறொன்றோடு குழப்பிக்கொள்வது கடினம் என்றார். காளான் உதிர்க்கும் வித்துத்தூளும் வெள்ளையாகத்தான் விழுந்தது.

அறிவியல் பெயர் சூடோஹைட்னம் ஜெலாட்டினோசம். 1772-இல் இதை முதலில் விவரித்த ஸ்கோபோலி, பல்லைப் பார்த்து ஹைட்னம் என்ற பல் காளான் வகையில்தான் சேர்த்தார். ஏறக்குறைய நூறு வருடம் கழித்து, 1868-இல், பின்லாந்துக்காரர் கார்ஸ்டென் "பொய் ஹைட்னம்" என்று தனியாகப் பிரித்தார். பல் ஒன்றுதான், உடம்பு வேறு.

உறுதியானதும் ஒரு சின்னத் துண்டு தின்று பார்த்தேன். ருசி என்று ஒன்றும் இல்லை. பச்சைத் தண்ணீரை மென்றது போல. இங்கே தேனும் கிரீமும் விட்டுச் சாப்பிடுகிறார்கள். நான் ஏலக்காய் தட்டிப் போட்ட சர்க்கரைப் பாகில் ஊற வைத்தேன். வீட்டுக்காரர் நோன்புக் காலத்துக் கடற்பாசி போல இருக்கிறது என்றார்.

உங்களில் யாராவது பார்த்திருக்கிறீர்களா?

*

அக்கா, நான் வான்கூவர் தீவில் இருக்கிறேன். உங்கள் பதிவைப் படித்ததும் போன வருடம் நடந்தது ஞாபகம் வந்தது. நானும் இந்தப் பூனை நாக்கைத் தேடித்தான் போனேன். மக்கிய ஹெம்லாக் கட்டையில் வெள்ளை வெளேரென்று விசிறி விசிறியாக இருந்தது. கட்டையும் சரி, நிறமும் சரி என்று ஒரு பை நிறையப் பறித்துவிட்டேன். வீட்டில் அலசும்போதுதான் கவனித்தேன், அடியில் பல் இல்லை, நெருக்கமான மடல்கள். சதையும் ஜெல்லி இல்லை, அப்பளம் போல மெல்லிசு.

அது ஏஞ்சல் விங்ஸ் என்ற வேறொரு காளான். பழைய கையேடுகள் சாப்பிடலாம் என்றுதான் சொல்கின்றன. ஆனால் 2004-இல் ஜப்பானில் இதைத் தின்ற பலருக்கு மூளை பாதித்து 17 பேர் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோருக்கு ஏற்கெனவே சிறுநீரகக் கோளாறு. என் அப்பா டயாலிசிஸில் இருக்கிறார். அன்று சமையல் அவருக்கும் சேர்த்துத்தான். பையோடு குப்பையில் போட்டேன். கை நடுக்கம் நிற்க நேரமாயிற்று. இப்போதெல்லாம் காட்டிலேயே ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்க்காமல் பைக்குள் எதுவும் போவதில்லை.

*

நான் வால்பாறைப் பக்கம். இங்கே பல் வைத்த ஜெல்லி எதுவும் என் கண்ணில் பட்டதில்லை. மழைக்காலத்தில் பட்டுப்போன கிளைகளில் மரக்காதுக் காளான் வரும். பழுப்பு நிறம், அசல் காது போலவே மடிப்பு, ஒரு பக்கம் வெல்வெட் மாதிரி மெல்லிய ரோமம். வெயிலில் காய்ந்தால் சருகாகிவிடும், தண்ணீரில் போட்டால் கொஞ்ச நேரத்தில் பழையபடி உப்பிக்கொள்ளும். சூப்பில் கறுப்பாக நறநறவென்று வருமே, அது இந்த இனம்தான். உங்கள் பூனை நாக்குக்கு இது சொந்தமா அக்கா?

*

சொந்தம்தான் தம்பி. இரண்டும் ஆரிகுலேரியேல்ஸ் என்ற ஒரே வரிசை. அந்தப் பெரியம்மா மைக்ராஸ்கோப்பில் வித்து தரும் செல்லையும் காட்டினார். பூனை நாக்கில் அது எண்ணெய்க் கத்திரிக்காய்க்குக் கீறுவது போல நெடுக நாலாகப் பிரிந்திருந்தது. மரக்காதில் முருங்கைக்காயைக் குறுக்கே நறுக்கினாற்போல் ஒன்றன்மேல் ஒன்றாக நாலு அறை இருக்குமாம். அடுத்த மழைக்கு உங்கள் கிளையிலிருந்து படம் எடுத்தால் ரோமம் உள்ள பக்கத்தையும் சேர்த்துப் போடுங்கள்.