மனம் மூளையின் வேலை என்றால் ஆன்மாவுக்கு என்ன வேலை?

தேக்கா வாசகன்:
போன வாரம் வேறொரு திரியில் ஒருவர், "மூளை வெறும் கருவி, இயக்குவது ஆன்மா" என்று ஒற்றை வரி எழுதிவிட்டுப் போனார். அதற்குப் பதில் சொல்லத்தான் இந்தத் திரி.

1848-ல் அமெரிக்காவின் வெர்மான்ட்டில் ரயில் பாதை போடும் இடத்தில் வெடிமருந்து வெடித்து, ஃபினியஸ் கேஜ் என்ற மேஸ்திரியின் கன்னத்தில் நுழைந்த இரும்புக் கம்பி மண்டையைத் துளைத்து வெளியே வந்தது. ஆள் பிழைத்துக்கொண்டார். ஆனால் பொறுப்பான மனிதர், வாய்க்கு வந்ததைப் பேசுகிறவராக, எதிலும் நிலைக்காதவராக ஆகிவிட்டார் என்று வைத்தியம் பார்த்த டாக்டர் ஹார்லோ பதிவு செய்திருக்கிறார். குணம் ஆன்மாவில் இருந்தால் இரும்புக் கம்பி அதை எப்படித் தொட்டது?

இதை மேல்நாட்டுச் சரக்கு என்று தள்ளவும் முடியாது. மணிமேகலைக் காப்பியத்தில் ஆன்மாவை மறுக்கும் பூதவாதி இதைத்தான் சொல்கிறான்: தாதகிப் பூவும் வெல்லமும் சேர்ந்தால் போதை பிறப்பதுபோல், நிலம், நீர் போன்ற பூதங்கள் கூடும்போது உணர்வு பிறக்கிறது. பெரியார் 1929-ல் இங்கே சிங்கப்பூருக்கு வந்து போனதும், 1935-ல் தமிழ் முரசு பத்திரிகை பிறந்ததும் இந்த ஊர்த் தமிழர்கள் இப்படிக் கேள்வி கேட்ட காலத்தில்தான். என் தாத்தா அந்தக் கூட்டங்களில் வளர்ந்தவர்.

டேங்க் ரோடு அடியார்:
தம்பி, பூதவாதி பேசியதைச் சொன்னீர்கள், மணிமேகலை கேட்டதை விட்டுவிட்டீர்கள். கண்ணால் கண்டதை மட்டுமே ஏற்பேன் என்றவனிடம், "உன் தாய் தந்தை யார் என்று அனுமானம் இல்லாமல் எப்படித் தெரிந்துகொண்டாய்?" என்று கேட்டாள். (அவள் சேர்ந்த பௌத்தமும் ஆன்மாவை ஏற்காது. அது தனிக் கதை.)

சரி, கேஜ் விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் சண்டை போடுவது தெகார்த் என்ற பிரெஞ்சுக்காரரோடு. மனமும் ஆன்மாவும் ஒன்று, உடம்பு வேறு என்றவர் அவர். எங்கள் சைவ சித்தாந்தம் எல்லைக்கோட்டை அங்கே போடவில்லை. மனம், புத்தி, அகங்காரம், சித்தம் நான்கும் அந்தக்கரணங்கள், அதாவது உட்கருவிகள். நான்கும் உலகின் மூலப்பொருளான மாயையிலிருந்து வந்த சடப்பொருள்கள், தாமாக அறிவில்லாதவை. நினைப்பது, முடிவெடுப்பது, 'நான்' என்று முனைவது எல்லாம் சடத்தின் பக்கம். ஆன்மா இவற்றைக் கொண்டு அறிவது. கருவி உடைந்தால் குணம் மாறத்தான் செய்யும். இரும்புக் கம்பியைப் பார்த்து நாங்கள் ஏன் பயப்பட வேண்டும்?

தேக்கா வாசகன்:
ஐயா, இது நல்ல பதில். மனம் சடம் என்று நீங்களே சொல்வதில் எனக்குச் சந்தோஷம். ஆனால் இப்போது ஆன்மாவிடம் என்ன மிச்சம்? 'அறிதல்' மட்டும். அந்த அறிதலையும் மயக்க மருந்து நிறுத்திவிடுகிறதே! ஆபரேஷன் தியேட்டரில் ப்ரோபோஃபால் ஊசி ஏறியதும் ஒரு நிமிடத்துக்குள் எல்லாம் அணைந்துவிடுகிறது. கனவுகூட இல்லாமல் எழுந்து, "எப்போது ஆரம்பிப்பீர்கள்?" என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். மருந்து போய் ஒட்டுவது மூளை நரம்புகளில்.

டேங்க் ரோடு அடியார்:
எங்கள் சித்தாந்தத்தின் மூல நூல் சிவஞானபோதம். அதன் மூன்றாம் சூத்திரத்தில் ஆன்மா உண்டு என்பதற்கு, நூலை எழுதிய மெய்கண்டார் தரும் காரணங்களில் ஒன்று, 'உணர்த்த உணர்தலின்'. ஆன்மா தானே அறியாது, அறிவிக்க அறியும். கருவிகள் ஒடுங்கினால் ஒன்றும் அறியாமல் கிடக்கும். ஆகவே உங்கள் ஊசி எங்களுக்கு அதிர்ச்சி இல்லை, நாங்கள் எதிர்பார்ப்பதுதான்.

தேக்கா வாசகன்:
அங்கேதான் எனக்கு உறுத்துகிறது. ஆன்மா இருந்து கருவி இல்லாவிட்டாலும் அறிவு இல்லை. ஆன்மாவே இல்லாவிட்டாலும் அறிவு இல்லை. இரண்டுக்கும் வித்தியாசம் காட்ட எந்தச் சோதனையும் இல்லை என்றால், எதற்காக அதை ஏற்க வேண்டும்?

யீஷூன் மாணவி:
அண்ணா, நான் தத்துவம் படிக்கிறேன். எனக்குக் கடவுள் நம்பிக்கை இல்லை, ஆனாலும் உங்கள் பக்கம் முழுக்க நிற்க முடியவில்லை. நரம்பு எப்படி வேலை செய்கிறது என்று சொல்லிவிடலாம். அந்த வேலை நடக்கும்போது உள்ளே ஓர் அனுபவம் ஏன் இருக்கிறது? மிளகாய் கடித்தால் நாக்கிலிருந்து மூளைக்குப் போகும் செய்தி முழுவதையும் வரைந்து காட்டினாலும், அந்தக் காரம் அந்த வரைபடத்தில் எங்கே இருக்கிறது? தத்துவ அறிஞர் டேவிட் சால்மர்ஸ் இதைத்தான் 'கடினமான பிரச்சினை' என்றார். 1998-ல் மூளை விஞ்ஞானி கிறிஸ்டோஃப் கோக், 25 ஆண்டுகளுக்குள் உணர்வுக்கான நரம்புத் தடயம் தெளிவாகக் கிடைத்துவிடும் என்று அவரிடம் பந்தயம் கட்டினார். 2023-ல் நியூயார்க்கில் கோக் தோல்வியை ஏற்று ஒயின் பாட்டில்களைக் கொடுத்தார். பூதவாதியின் தாதகிப் பூவுக்கும் இதே கேள்விதான். போதையை வேதியியலால் விளக்கலாம், போதையை உணர்கிறவனை?

தேக்கா வாசகன்:
தங்கச்சி, இன்னும் விளக்கவில்லை என்பதும் விளக்க முடியாது என்பதும் ஒன்றல்ல. கோக் தோற்றது காலக்கெடுவில்.

புங்கோல் நர்ஸ்:
நான் ஐசியூவில் இருப்பவள். எனக்கு இது ஏட்டுச் சமாச்சாரம் இல்லை.

மூளைச் சாவைச் சோதிக்கும்போது கண்ணில் டார்ச் அடிப்பார்கள், கண்மணி சுருங்காது. கடைசியில் சுவாச இயந்திரத்தைக் கழற்றி, ரத்தத்தில் கரியமில வாயு ஏற ஏற நெஞ்சு தானாக எழும்புகிறதா என்று பார்ப்பார்கள். எழும்பாது. ஆனால் இதயம் துடிக்கும், கை சூடாக இருக்கும், சில சமயம் விரல்கூட அசையும். விரலை அசைப்பது தண்டுவடம்தான், மூளை இல்லை. இதை நோயாளியின் பிள்ளைகளிடம் எப்படிச் சொல்வது?

இங்கே 1987-லிருந்து உறுப்பு மாற்றுச் சட்டம் இருக்கிறது. 21 வயது நிரம்பிய குடிமக்களும் நிரந்தரவாசிகளும், வேண்டாம் என்று எழுதிக் கொடுக்காதவரை அதற்குள் வருவார்கள். "உயிர் இருக்கும்போதே எடுக்கிறீர்களே" என்று அழுகிறவர்களுக்கு உங்கள் சித்தாந்தம் என்ன சொல்லும், ஐயா? சுற்றி வளைக்காமல் சொல்லுங்கள்.

டேங்க் ரோடு அடியார்:
சொல்கிறேன் அம்மா. அதே சூத்திரத்தில் இன்னொரு காரணம்: தூங்கும்போதும் மூச்சு ஓடுகிறது, ஆனால் இன்ப துன்ப நுகர்ச்சி இல்லை, ஆகவே மூச்சு ஆன்மா இல்லை. இயந்திரம் ஊதும் மூச்சும் துடிக்கும் இதயமும் ஆன்மா அங்கே இருப்பதற்குச் சாட்சி ஆகாது. இது நான் எடுத்துக்கொள்ளும் பொருள்; மடத்தின் தீர்ப்பு இல்லை. நான் மறுப்புப் படிவம் கொடுக்கவில்லை, என் பிள்ளைகளிடமும் கொடுக்கச் சொல்லமாட்டேன்.

தேக்கா வாசகன்:
இதில் ஐயாவோடு முழு உடன்பாடு. ஆனால் ஒரு முடிச்சை அவிழ்க்காமல் போக மாட்டேன். மறுபிறப்புக்கு அந்தக்கரணங்கள் கண்ணுக்குத் தெரியாத சூக்கும உடம்போடு கூடவே போகும் என்று நீங்கள் சொல்கிறீர்கள். அப்படியானால் மண்டாய் தகனச் சாலையில் மூளை எரிந்து சாம்பலான பிறகும் மனம் இருக்கிறது. மூளை முழுதாக எரிந்தே பிழைக்கிற மனம், கேஜின் மண்டையில் ஓர் ஓட்டை விழுந்ததும் ஏன் கெட்டது? மனம் மூளைதான் என்றால் மண்டாயோடு முடிந்தது. மூளை இல்லை என்றால், கம்பிக்குப் பயமில்லை என்ற உங்கள் முதல் பதில் இன்னும் நிரூபிக்கப்படவில்லை.

டேங்க் ரோடு அடியார்:
இது கனமான கேள்வி. கண்ணால் காணும் இந்தத் தூல உடம்பின் வழியாகத்தான் சூக்கும உடம்பு இந்த உலகில் தொழிற்படும். வழி அடைபட்டால் வெளிப்பாடு கெடும், உள்ளே இருப்பது கெடாது என்பதே எங்கள் விடை. அதை ஆய்வகத்தில் காட்ட முடியாது. ஆகம நூல்களை ஏற்கிறேன், அதனால் ஏற்கிறேன். ஆனால் அறிகிறவன் ஒருவன் உண்டு என்பதை நூலை வைத்து நான் சொல்லவில்லை. அது மூன்றாம் சூத்திரத்தின் வாதம். அதை இன்னும் நீங்கள் உடைக்கவில்லை.

யீஷூன் மாணவி:
ஐயா, அறிதல் நடக்கிறது என்பது வரைக்கும் வாதம் சரி. அறிகிற 'ஒருவன்' என்று போகும்போது தாண்டிக் குதிக்கிறீர்கள். பௌத்தர்கள் அந்த இடத்தில்தான் நின்றுவிட்டார்கள்.

தேக்கா வாசகன்:
அதைத்தான் நானும் கேட்க நினைத்தேன். ஐயா, 'எனது உடல்' என்று சொல்வதால் உடலுக்கு வேறான ஒருவன் உண்டு என்று மெய்கண்டார் சொல்லும் காரணத்தை முதலில் எடுத்துக்கொள்வோமா? 'எனது ஆன்மா' என்றும் சொல்கிறோமே, அப்போது அதற்கும் வேறாக இன்னொருவன் வேண்டுமா?