கலைச்சொல் விவாதம்: பேஸ்பாலில் ‘ஹோம் கேம்’ – 81 ஆட்டங்களுக்கு ஒரு தமிழ்ப் பெயர்

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

விளையாட்டுக் கலைச்சொல் தொகுப்பில் பேஸ்பால் பகுதிக்கு வந்திருக்கிறோம். ‘ஹோம் கேம்’, அதாவது ஓர் அணி வழக்கமாகத் தன் மைதானத்தில் ஆடும் ஆட்டம், என்பதற்கு இதுவரை ஐந்து பரிந்துரைகள் வந்துள்ளன: வீட்டு ஆட்டம், இல்ல ஆட்டம், உள்ளூர் ஆட்டம், தாயக ஆட்டம், சொந்த மண் ஆட்டம். எதை எடுப்பது என்று பேசுவதற்கு முன்னால், அமெரிக்காவின் மேஜர் லீகில் இந்தச் சொல் எங்கே, எதற்குப் பயன்படுகிறது என்று பார்த்துவிடலாம்.

முதலில் அது ஒரு கணக்குச் சொல். மேஜர் லீகில் 30 அணிகள். ஒவ்வோர் அணிக்கும் ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள். அதில் சரிபாதி, 81, தன் மைதானத்தில்; மீதி 81 எதிரணிகளின் மைதானங்களில். மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் முடிய ஏறக்குறைய தினமும் ஆட்டம். பருவச் சீட்டு வாங்குகிறவர் 81 ஆட்டங்களுக்கு வாங்குகிறார். அணியின் வெற்றி தோல்விக் கணக்கையும் அந்த 81, இந்த 81 என்று பிரித்தே போடுகிறார்கள். ஆக, ‘81’ என்ற எண்ணுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு நிற்கக்கூடிய சொல்தான் நமக்கு வேண்டும்.

81 எப்படி வந்தது என்பதும் பலருக்குத் தெரியாது. 1904 முதல் வெகுகாலம் பருவத்துக்கு 154 ஆட்டம் என்பதே வழக்கம். மேஜர் லீகுக்குள் அமெரிக்கன், நேஷனல் என்று இரண்டு லீகுகள்; ஒரு லீகில் 8 அணிகள். ஆளுக்கு 7 எதிரணிகள். ஒவ்வோர் எதிரணியோடும் 22 ஆட்டங்கள், அங்கே 11, இங்கே 11. ஆகவே தன் மைதானத்தில் 77. 1961இல் அமெரிக்கன் லீக் இரண்டு அணிகளைச் சேர்த்து 10 ஆக்கியது. எதிரணிகள் 9 ஆகிவிட்டதால் பழையபடி 22 ஆட்டம் வைத்தால் 198 வரும். பருவத்தில் அதற்கு இடமில்லை. எதிரணிக்கு 18 என்று குறைத்தார்கள். 9 அணிகள், ஒவ்வொன்றோடும் இங்கே 9 ஆட்டம்: ஒன்பதொன்பது எண்பத்தொன்று. அடுத்த ஆண்டு நேஷனல் லீகும் அதே வழிக்கு வந்தது. அப்புறம் அணிகளின் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போயும் 162 அப்படியே நின்றுவிட்டது. இன்றைய அட்டவணையில் தன் பிரிவிலுள்ள நான்கு அணிகளோடு தலா 13 ஆட்டம். 13ஐ இரண்டாகப் பிரிக்க முடியாது, அதனால் ஓர் அணியோடு இங்கே 7, அங்கே 6. இன்னொன்றோடு அப்படியே திருப்பி. கடைசியில் கூட்டினால் 81 வர வேண்டும், வரும்.

சரி, இனிச் சொற்கள்.

‘வீட்டு ஆட்டம்’, ‘இல்ல ஆட்டம்’ இரண்டும் மற்ற விளையாட்டுகளுக்கு ஒத்துப்போகலாம், பேஸ்பாலுக்கு ஆகாது. அடித்தவர் மூன்று தளங்களையும் சுற்றி ஓடிவந்து தொடுகிற தட்டுக்கே அங்கே ‘ஹோம்’ என்று பெயர். நம் தொகுப்பில் அதை ‘இல்லத் தட்டு’ என்று ஏற்கெனவே ஏற்றிவிட்டோம். ‘ஹோம் ரன்’ வேறு இருக்கிறது. ஒரே பத்தியில் இல்லத் தட்டும் இல்ல ஆட்டமும் வந்தால் வாசகர் திணறிப்போவார்.

‘உள்ளூர் ஆட்டம்’ பத்திரிகைகளில் பழகிய சொல். ஆனால் ரஞ்சிக் கோப்பை மாதிரியானவற்றைத்தான் ‘உள்ளூர்ப் போட்டி’ என்று எழுதிவருகிறோம். இன்னொரு சிக்கல் நியூயார்க். யாங்கீஸ் அணியின் மைதானம் பிராங்க்ஸில், மெட்ஸ் அணியின் மைதானம் குவீன்ஸில், இரண்டும் ஒரே மாநகரம். யாங்கீஸ் மைதானத்தில் மெட்ஸ் வந்து ஆடும்போது யார் உள்ளூர், யார் வெளியூர்?

‘தாயக ஆட்டம்’ வேண்டவே வேண்டாம். இலங்கைத் தமிழரும் புலம்பெயர்ந்தவர்களும் அந்தச் சொல்லை எந்தக் கனத்தோடு வாசிக்கிறார்கள் என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். ‘சொந்த மண்’ தலைப்புச் செய்திக்கு அழகு. ‘81 சொந்த மண் ஆட்டங்கள்’ என்று அட்டவணையில் எழுதிப் பாருங்கள், நிற்காது.

என் பரிந்துரை: தன்கள ஆட்டம், எதிர்கள ஆட்டம். ‘வெளிக்கள ஆட்டம்’ என்று ஒருவர் முன்பு சொல்லியிருந்தார். ஆனால் பேஸ்பாலில் வெளிக்களம் என்பது மைதானத்தின் வெளிவட்டம். மூன்று ஆட்டக்காரர்கள் அங்கே நின்று பந்தைத் தடுக்கிறார்கள். அந்தப் பெயரை அதற்கே விட்டுவிடுவோம்.

கருத்துகளை எதிர்பார்க்கிறேன்.

*

மறுமொழி:

> என் பரிந்துரை: தன்கள ஆட்டம், எதிர்கள ஆட்டம்

வணக்கம் தம்பி. சொல் எளிமையாக இருக்கிறது. இரண்டு விஷயங்கள் மட்டும் கேட்க வேண்டும்.

ஒன்று, புணர்ச்சி. தற்கொலை, தற்காப்பு, தற்பெருமை என்று சொல்கிறோமே, அப்படியானால் ‘தற்கள ஆட்டம்’ என்றுதானே வர வேண்டும்? யாராவது கேட்பார்கள், இப்போதே தீர்த்துவிடுவது நல்லது.

இரண்டு, களம் என்ற சொல்லே எனக்கு முழுத் திருப்தி தரவில்லை. ஓர் அணி இன்னோர் அணியைத் தன் இடத்துக்கு வரவேற்று ஆடுகிறது. தமிழில் விருந்து என்றால் புதிதாக வந்தவர் என்றே பொருள். வருகிற அணியை ‘விருந்தணி’ என்றும், நடக்கிற ஆட்டத்தை ‘வரவேற்பு ஆட்டம்’ என்றும் சொன்னால் என்ன? நம் மரபிலிருந்து வரும் சொல்லாக இருக்கும்.

*

மறுமொழி:

அனைவருக்கும் வணக்கம். நான் அமெரிக்காவில் இருந்துகொண்டு இந்த ஆட்டத்தைப் பல காலமாகப் பார்த்துவருகிறவன். தன்கள ஆட்டம் எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் ‘களம்’ என்று சொன்னதும் அது ஓர் இடத்தின் பெயராகிவிடுகிறது. பேஸ்பாலில் அது இடத்தைவிட உரிமையைக் குறிப்பது. அதை மட்டும் விடாதீர்கள் ஐயா.

உதாரணம் சொல்கிறேன். 2019இல் பாஸ்டன் ரெட் சாக்ஸும் நியூயார்க் யாங்கீஸும் லண்டனில் இரண்டு ஆட்டம் ஆடின. இரண்டும் பாஸ்டனின் 81இல் சேர்ந்தவை. அந்தப் பருவத்தில் அதன் சொந்த மைதானமான ஃபென்வே பார்க்கில் அந்த அணிக்கு மிஞ்சியது 79. அதற்கும் முன்னால் மான்ட்ரியல் எக்ஸ்போஸ். 2003, 2004 இரண்டு பருவங்களிலும் அதன் 81இல் இருபதுக்கு மேற்பட்ட ஆட்டங்கள் புவெர்ட்டோ ரிக்கோவின் சான் ஹுவானில் நடந்தன. கனடாவின் அணி, கரீபியன் தீவில், ‘ஹோம்’ ஆட்டம்.

2015 ஏப்ரலில் பால்டிமோரில் கலவரம். ஏப்ரல் 29 அன்று ஓரியோல்ஸ் அணி தன் கேம்டன் யார்ட்ஸ் மைதானத்திலேயே, பார்வையாளர் ஒருவர்கூட இல்லாமல், சிகாகோ வைட் சாக்ஸோடு ஆடியது. ஆயிரக்கணக்கான காலி நாற்காலிகள். மட்டையில் பந்து படும் சத்தம் தெளிவாகக் கேட்டது. அதற்கடுத்து டாம்பா பேயோடு ஆட வேண்டிய மூன்று ஆட்டங்களை எதிரணியின் மைதானத்துக்கே, ஃபுளோரிடாவுக்கு, மாற்றினார்கள். எதிரணி மைதானம், எதிரணி ரசிகர்கள். ஆனால் ஏட்டில் ‘ஹோம்’ அணி ஓரியோல்ஸ்தான்.

இதைவிடத் தெளிவாக 2020. நோய்த்தொற்றுக் காலத்தில் எல்லை மூடியிருந்ததால் டொராண்டோ புளூ ஜேஸ் அணியால் கனடாவில் ஆட முடியவில்லை. நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ மைதானம் தயாராவதற்குள் வாஷிங்டனில் நேஷனல்ஸ் அணியின் மைதானத்தில் இரண்டு ஆட்டங்களை டொராண்டோ ‘ஹோம்’ அணியாக ஆடியது. நேஷனல்ஸ் தன் மைதானத்தில் நின்றுகொண்டே விருந்தாளியாக முதலில் அடித்தது.

அந்த ‘முதலில் அடித்தது’தான் முக்கியம். ஒவ்வொரு இன்னிங்ஸுக்கும் முன்பாதி, பின்பாதி உண்டு. வந்த அணி முன்பாதியில் அடிக்கும்; ‘ஹோம்’ அணி பின்பாதியில். கடைசி அடி எப்போதும் ‘ஹோம்’ அணிக்கு. ஸ்கோர் பலகையைப் பார்த்தாலே தெரியும்: வந்த அணி மேல் வரி, ‘ஹோம்’ அணி கீழ் வரி. கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸின் முன்பாதி முடியும்போது கீழ் வரி அணி முன்னிலையில் இருந்தால் அது அடிக்க வேண்டிய தேவையே இல்லை. அந்தக் கட்டத்தில் எண்ணுக்குப் பதிலாக ஒரு பெருக்கல் குறி போடுவார்கள். அந்தக் குறி ‘ஹோம்’ அணியின் வரியில் மட்டுமே வரும்.

அதனால் ‘அழைப்பணி’ என்று வைத்தால் என்ன? அழைக்கும் அணி, எங்கே அழைத்தாலும்.

*

மறுமொழி:

இருவருக்கும் நன்றி. ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

> ‘தற்கள ஆட்டம்’ என்றுதானே வர வேண்டும்?

‘தன்’, ‘என்’ இரண்டின் ஈறும் வல்லினத்துக்கு முன்னால் இயல்பாகவும் வரலாம், திரிந்தும் வரலாம் என்று நன்னூல் இடம் கொடுக்கிறது ஐயா. தன்பகை, தற்பகை இரண்டும் சரியே. தற்களம் என்று எழுதினால் ‘தன்’ மறைந்து, தற்காலம், தற்சமயம் பக்கம் கண் போய்விடுகிறது. தன்களம் பார்த்தவுடன் விளங்குகிறது. அதனால் திரியாத வடிவத்தையே வைத்துக்கொள்ளலாம்.

‘விருந்தணி’ உண்மையிலேயே நல்ல சொல். வருகிற அணிக்கு அதையே எடுத்துக்கொள்ளலாம் என்பது என் எண்ணம். ‘வரவேற்பு ஆட்டம்’ மட்டும் வேண்டாம். திருமண மண்டப வாசலில் மேளத்தோடு நடக்கிற ஆட்டம் என்று படிப்பார்கள். ஆட்டம் என்ற சொல்லுக்கு நடனம் என்ற பொருளும் இருப்பதால், முன்னால் வருகிற சொல்லை நாம் கவனமாகத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும்.

> ‘அழைப்பணி’ என்று வைத்தால் என்ன?

அழைப்பாளர் என்று அகராதி வழி சொன்னால் அழைப்பவர். ஆனால் ‘சிறப்பு அழைப்பாளர்’ என்று அழைப்பிதழில் அச்சடித்து அச்சடித்து, அழைக்கப்பட்டவர் என்ற பொருள் நிலைத்துவிட்டது. அழைப்பணி என்றால் பாதிப் பேர் வந்த அணியையே நினைப்பார்கள். கலைச்சொல் நேர் எதிர்ப்பொருள் தருவதைவிடப் பெரிய குறை இல்லை.

ஆனால் நீங்கள் சொன்ன கருத்து அப்படியே எனக்கு உடன்பாடு. இது உரிமை, இடம் அதன் வழக்கமான அடையாளம் மட்டுமே. நம்மூர்க் கோயில் திருவிழாவில் மண்டகப்படி இருக்கிறது. சாமி எந்தத் தெருவில் நின்றாலும் அன்றைய மண்டகப்படி யாருடையது என்பது மாறாது. பால்டிமோரின் மூன்று ஆட்டங்களும் அப்படித்தான். இதே நிலைமையைத் தமிழ் வாசகர்கள் நேரிலும் பார்த்திருக்கிறார்கள்: 2018 ஐபிஎல்லில் காவிரிப் போராட்டத்தின்போது சென்னை அணிக்குச் சேப்பாக்கத்தில் ஓர் ஆட்டம்தான் கிடைத்தது, மீதி ஆறும் புனேக்குப் போயின. புனேயில் நடந்ததைச் சென்னையின் ஆட்டம் என்றுதானே எல்லோரும் எழுதினோம்.

இந்த உரிமையைச் சொல்லுக்குள்ளேயே கொண்டுவர முயன்று பார்த்தேன். ‘களவுரிமை’ என்று சேர்த்து எழுதினால் களவு முன்னால் வந்து நிற்கிறது. பேஸ்பாலில் பந்து எறியப்படும் நேரம் பார்த்து அடுத்த தளத்துக்கு ஓடுவதைத் ‘தளக்களவு’ என்று வைத்திருக்கிறோம், அதனால் குழப்பம் இரட்டிப்பாகும். ‘களத்தணி’ என்றால் களத்தடுப்பில் நிற்கும் அணி என்று தோன்றும். ஆகவே ‘களத்துரிமை’ என்றே விரித்து எழுதலாம்.

என் முடிவு இதுதான். ஆட்டத்துக்குத் ‘தன்கள ஆட்டம்’. அணிக்குத் ‘தன்கள அணி’, எதிரே ‘விருந்தணி’. விளக்கத்தில் மைதானத்தை முதலில் சொல்லக் கூடாது. அடிக்கும் வரிசையைச் சொல்ல வேண்டும். இப்படி எழுதலாம்:

தன்கள ஆட்டம்: அட்டவணைப்படி ஓர் அணிக்குக் களத்துரிமை உள்ள ஆட்டம். அந்த அணி ஒவ்வொரு இன்னிங்ஸின் பின்பாதியிலும் அடிக்கும். வழக்கமாக அந்த அணியின் சொந்த மைதானத்தில் நடக்கும். வேறிடத்துக்கு மாற்றப்பட்டாலும் களத்துரிமை மாறாது. மேஜர் லீகில் ஒரு பருவத்துக்கு அணி ஒன்றுக்கு 81.

81 என்பதோடு ஒரு குறிப்பும் வேண்டும். அட்டவணை தருவது 81. ஆடி முடிப்பது சில பருவங்களில் கூடும், குறையும். 2018இல் சிகாகோ கப்ஸும் மில்வாக்கியும் சமநிலையில் முடிக்க, முதலிடத்துக்காகக் கப்ஸின் மைதானமான ரிக்லி ஃபீல்டில் 163ஆவது ஆட்டம் நடந்தது. அதுவும் பருவக் கணக்கில் சேர்ந்ததால் கப்ஸுக்கு 82 தன்கள ஆட்டங்கள். 2022 முதல் அந்த வழக்கம் இல்லை. சமநிலையை முந்தைய முடிவுகளை வைத்தே தீர்க்கிறார்கள். 2020இல் பருவமே 60 ஆட்டங்களாகச் சுருங்க, தன்கள ஆட்டம் 30 ஆனது. ஜப்பானில் பருவத்துக்கு 143 ஆட்டம், ஒற்றைப்படை. அங்கே சரிபாதி என்ற பேச்சுக்கே இடமில்லை. அதனால் விளக்கத்தில் ‘சரிபாதி’ என்ற சொல்லைத் தவிர்த்திருக்கிறேன்.

‘ஹோம்ஸ்டாண்ட்’ பாக்கி இருக்கிறது: தன்கள ஆட்டங்கள் பத்து நாள் போல இடைவிடாமல் வருகிற காலம். ‘தன்களத் தொடர்’ என்று வைக்க முடியாது; ஒரே எதிரணியோடு அடுத்தடுத்து ஆடுகிற மூன்று நான்கு ஆட்டங்களுக்குத் தொடர் என்று கொடுத்துவிட்டோம். ‘தன்களத் தங்கல்’ என்று எழுதிவைத்திருக்கிறேன். இதைவிட நல்லது தோன்றினால் இந்த இழையிலேயே அனுப்புங்கள்.