கோத்தகிரி: சோலார் பேனலே கூரையாக இருக்கும் வீட்டில் காலை நேரக் கோளாறு

வணக்கம். கோத்தகிரி பக்கம் எங்கள் வீட்டு முன்வராந்தாவுக்கு ஓட்டுக்குப் பதிலாக சோலார் பேனல்களையே கூரையாகப் போட்டிருக்கிறோம். இருபுறமும் கண்ணாடி உள்ள வகை. 10 பேனல், எல்லாம் வரிசையாக இணைத்த ஒரே ஸ்ட்ரிங், 3 கிலோவாட் இன்வெர்ட்டர். அம்மா அங்கேதான் வெயில் காய்வார். அந்த வெளிச்சத்துக்காகவே இதைத் தேர்ந்தெடுத்தோம்.

ஒன்றரை வருடம் நன்றாக ஓடியது. இந்த ஐப்பசி மழை தொடங்கியதிலிருந்து, பனிமூட்டம் உள்ள காலைகளில் 'இன்சுலேஷன் ஃபால்ட்' (மின்கசிவுக் கோளாறு) காட்டி இன்வெர்ட்டர் நின்றுவிடுகிறது. கண்ணாடி காய்ந்த பிறகு, பதினொரு மணி வாக்கில் தானாக ஓடத் தொடங்கும். வெயில் நாளில் பிரச்சினையே இல்லை.

எர்த்திங் பார்த்தாயிற்று, சரியாக இருக்கிறது. வேறு இன்வெர்ட்டர் மாட்டியும் அதே கதை. பேனல் ஒயர்களை இணைக்கும் எம்சி4 கனெக்டர்களில் கைக்கு எட்டியதை எல்லாம் மாற்றினோம். அப்புறம் ஸ்ட்ரிங்கை இரண்டாகப் பிரித்து, ஈரமான காலையில் மெக்கர் (இன்சுலேஷனை அளக்கும் கருவி; அளவு குறைந்தால் கசிவு) வைத்தோம்: கிழக்கு ஐந்தில் 18 மெகாஓம், மேற்கு ஐந்தில் 0.2 மட்டுமே. காய்ந்த பின் இரண்டும் 20க்கு மேல்.

மேற்குப் பக்க ஒயர்கள் பேனலுக்கு அடியில் அலுமினியச் சட்டத்துக்குள் போகின்றன. கண்ணாடியின் அடிப்பக்கம் வியர்த்து அதற்குள் நீர் இறங்குகிறதோ என்று சந்தேகம். திறக்க வேண்டுமென்றால் சிலிக்கான் இணைப்பை அறுக்க வேண்டும். மழை நிற்காத இந்த நேரத்தில் அதற்கு மனம் வரவில்லை, மீண்டும் ஒழுகாமல் ஒட்ட இங்கே ஆளும் இல்லை.

கூரையைப் பிரிக்காமல், அந்த ஐந்தில் எந்தப் பேனலில் அல்லது எந்த இணைப்பில் கசிவு என்று கண்டுபிடிக்க வழி உண்டா?