எஸ்ஸி டேவிஸின் மேடை நடிப்பை எங்கே பார்க்கலாம்?

வணக்கம் நண்பர்களே. 'மிஸ் ஃபிஷர்ஸ் மர்டர் மிஸ்டரீஸ்' தொடரின் 34 பகுதிகளையும் அம்மாவும் நானும் பார்த்து முடித்துவிட்டோம். 1920-களின் மெல்போர்னில் கைத்துப்பாக்கியோடு திரியும் அந்தத் துப்பறியும் சீமாட்டியை விட்டுப் பிரிய மனசில்லை. (அம்மாவுக்குத் தொப்பிகள் மேல்தான் கண்!)

நடித்த எஸ்ஸி டேவிஸ் டாஸ்மேனியாக்காரர், சிட்னியில் நைடா நாடகப் பள்ளியில் தேர்ந்தவர், லண்டன் மேடையில் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' நாடகத்தில் ஸ்டெல்லா என்ற பாத்திரமாக நடித்து 2003-இல் ஒலிவியர் விருது (பிரிட்டனின் பெரிய நாடக விருது) வாங்கியவர் என்பதெல்லாம் அப்புறம்தான் தெரிந்தது. ஒரு வரியைச் சொல்லுமுன் அவர் விடுகிற அந்தச் சின்ன இடைவெளி, மேடையில் பழகியதுதான் போலிருக்கிறது.

அவருடைய நாடகப் பதிவுகள் எதையாவது இணையத்தில் பார்க்க முடியுமா? லண்டன் நேஷனல் தியேட்டர் காப்பகத்துக்கு நேரில் போகலாம்தான். நாங்கள் இருப்பதோ மதுரையில். 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' ஆறாவது சீசனில் நாடக நடிகையாகவே வருவார், அதைப் பார்த்தாயிற்று. வேறு ஏதாவது தெரிந்தால் சொல்லுங்கள்.