தோப்பு நடுவே 11 கே.வி. லைன்: கோர்ட்டில் தடை வாங்குவதா, தடத்தை மாற்றச் சொல்வதா?

வரப்போரம்:
3 ஏக்கர் தென்னந்தோப்பு. 11 கே.வி. (11,000 வோல்ட்) மின் லைனுக்கு மின்வாரியத்தார் நடுவாக முளை அடித்திருக்கிறார்கள், தோப்புக்குள் 120 மீட்டர் நீளம். சம்மதம் எதுவும் கேட்கவில்லை. மேற்கு வரப்பை ஒட்டிப் போனால் இரண்டு போஸ்ட்தான் கூடுதல். முன்சீப் கோர்ட்டில் தடை வாங்கலாமா? இதே ஊருக்கு 110 கே.வி. டவர் லைனும் வரப்போகிறது. அதற்கும் இதே சட்டம்தானா?

கறுப்புக்கோட்டு:
முதலில் எழுத்தில் ஒன்று கேளுங்கள்: "இந்த லைனுக்கு மின்சாரச் சட்டம் 2003, பிரிவு 164-இன் கீழ் ஆணை இருக்கிறதா? இருந்தால் நகல் தரவும்." தராவிட்டால் ஆர்.டி.ஐ. (தகவல் அறியும் உரிமை) மனு போடுங்கள். மற்றதெல்லாம் அந்தப் பதிலைப் பொறுத்தது.

ஆணை இல்லையென்றால் 2006-ஆம் ஆண்டின் உரிமதாரர் (மின்சாரம் தரும் நிறுவனம்) பணிகள் விதிகள், விதி 3 பொருந்தும். நில உரிமையாளரின் முன்சம்மதம் வேண்டும். மறுத்தால் அவர்கள் மாவட்ட ஆட்சியரிடம் (அல்லது அதிகாரம் பெற்ற அலுவலரிடம்) எழுத்துமூல அனுமதி வாங்க வேண்டும். அந்த உத்தரவிலேயே இழப்பீடு அல்லது ஆண்டு வாடகையை ஆட்சியர் நிர்ணயிக்க வேண்டும். ஆகவே இன்றே ஆட்சேபணை மனுவைப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ஒரு நகல் ஆட்சியருக்கும் போகட்டும். வாயால் மறுத்ததற்குச் சாட்சி கிடையாது.

ஆணை இருந்தால், தந்திக் கம்பம் நட 1885 தந்திச் சட்டம் தந்த அதிகாரம் அவர்களுக்கு வந்துவிடும். அந்தச் சட்டத்தையே எடுத்துவிட்டார்களே என்று சிலர் வாதிடுவார்கள். 2023 தொலைத்தொடர்புச் சட்டம், 164-இன் கீழ் வரும் லைன்களுக்குத் தந்திச் சட்டத்தின் மூன்றாம் பகுதியைத் தொடர வைத்திருக்கிறது, அந்த வாதம் எடுபடாது. முன்சம்மதம் தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் பவர் கிரிட் - செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் சொல்லிவிட்டது. அப்போது முன்சீப் கோர்ட் தடை நிற்பது அரிது. உங்களுக்குப் பலம் தந்திச் சட்டப் பிரிவு 10(ஈ): முடிந்தவரை குறைந்த சேதம், முழு இழப்பீடு. தொகை போதாதென்றால் 16(3)-இன் கீழ் மாவட்ட நீதிபதியிடம் போகலாம்.

ஸ்டேகம்பி:
வெறும் எதிர்ப்பு மனுவை விட வரைபடத்தோடு போகும் மாற்றுத்தட மனுவுக்கு மதிப்பு அதிகம். எஃப்.எம்.பி. (நில அளவைப் புலப்படம்) படத்தில் இரண்டு தடத்தையும் வரைந்து மரக்கணக்கு போடுங்கள்.

11 கே.வி.-க்குத் தடத்தின் அகலம் 7 மீட்டர், பக்கத்துக்கு மூன்றரை. 25 அடி இடைவெளியில் நட்ட தோப்பில் இரு வரிசைக்கு நட்டநடுவே லைன் போனாலும் அடிமரம் தடத்துக்குச் சற்று வெளியே நிற்கும், மட்டை உள்ளே வரும். தென்னையைக் கவாத்து செய்ய முடியாது, வெட்டத்தான் வேண்டும். இரண்டு வரிசையும் போனால் 32 மரம்.

வரப்புத் தடத்தில் மறக்கக் கூடாதது ஸ்டே, அதாவது போஸ்ட் சாயாமல் இழுத்துப் பிடிக்கும் கம்பி. திருப்பம் உள்ள ஒவ்வொரு போஸ்டுக்கும் ஸ்டே கம்பி வேண்டும், அது 4 முதல் 6 மீட்டர் தள்ளி மண்ணில் இறங்கும். பக்கத்துக் காட்டுக்காரர் நிலத்தில் இறங்கினால் அடுத்த வழக்கு அங்கே தொடங்கும். அவரிடம் முன்பே பேசிக் கையெழுத்து வாங்கி மனுவோடு இணையுங்கள்.

கறுப்புக்கோட்டு:
மரக்கணக்கில் இன்னொன்று. லைன் போட்டபின் மரம் இடைஞ்சலாகி வெட்டினால், லைனுக்கு முன்பே இருந்த மரத்துக்குத்தான் மின்சாரச் சட்டப் பிரிவு 68(6) இழப்பீடு தருகிறது. இப்போதே மரத்துக்கு எண் போட்டு, தேதியோடு படம் எடுத்து, வி.ஏ.ஓ. சான்றும் அடங்கல் (பயிர்க் கணக்கு) நகலும் வாங்கி வையுங்கள். கன்றுகளையும் எண்ணுங்கள்.

டவர்லைன்:
110 கே.வி.-க்குத் தடத்தின் அகலம் 22 மீட்டர். அதே 120 மீட்டர் என்றால் 2,640 சதுர மீட்டர், ஏறக்குறைய 65 சென்ட். மத்திய மின் அமைச்சகத்தின் 14.6.2024 வழிகாட்டுதல்படி தடத்துக்கு நிலமதிப்பில் 30%, டவர் அடிநிலத்துக்கு 200%. சென்ட் 20,000 ரூபாய் என்று வைத்தால் தடத்துக்கு மட்டும் 3,90,000. அடிநிலம் என்பது நான்கு கால்களுக்கு இடைப்பட்ட இடத்தோடு ஒவ்வொரு பக்கமும் 1 மீட்டர். அளக்கும்போது அந்த ஒரு மீட்டரை விட்டுவிடுவார்கள், கூட நில்லுங்கள். பயிர், மர இழப்பீடு தனி. மாநிலத்துக்குள் ஓடும் லைன் என்றால் மாநில அரசாணையில் என்ன விகிதம் என்று பார்த்தே கேளுங்கள். 11 கே.வி.-க்கு இது பொருந்தாது, 66 கே.வி.-க்கும் அதற்கு மேலும்தான்.

வரப்போரம்:
நன்றிங்க. "ஆட்சேபணை இல்லை" என்று ஒரு தாள் நீட்டுகிறார்கள். வரப்புத் தடத்துக்கு ஒத்துக்கொண்டால் கையெழுத்து போடலாமா?

கறுப்புக்கோட்டு:
அவர்கள் தாளில் வேண்டாம். சர்வே எண், போஸ்ட் எண்ணிக்கை, வரப்பிலிருந்து தூரம், வெட்டும் மரங்களின் எண், "11 கே.வி. ஒற்றை லைனுக்கு மட்டும்" எல்லாம் எழுதி, படத்தை இணைத்து, நீங்களே தாள் தயாரித்துக் கொடுங்கள். நகலில் தேதி முத்திரை வாங்குங்கள்.