ஏப்ரல் 14 பேனரில் கத்தர் படம் வேண்டுமா?

கொருக்குப்பேட்டை:
அம்பேத்கர் பிறந்தநாளான ஏப்ரல் 14 அன்று வியாசர்பாடியில் எங்கள் பறைக்குழு வாசிக்கிறது. பேனரில் அம்பேத்கர் படத்துக்குக் கீழே கத்தர் படத்தையும் போடலாம் என்று குழுவில் சிலர் கேட்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கத்தர், தெலங்கானாவில் தூப்ரான் பக்கத்து ஆள். இயற்பெயர் கும்மடி விட்டல் ராவ். தலித் குடும்பம். கனரா வங்கி வேலையை உதறிவிட்டு, நக்சலைட் இயக்கத்தின் கலைக்குழுவான ஜன நாட்டிய மண்டலியில் பாடப் போனவர். வெள்ளைக்காரனை எதிர்த்து 1913-இல் அமெரிக்காவில் தொடங்கிய கத்தர் கட்சியின் பெயரைத்தான் தனக்கு வைத்துக்கொண்டார். ஓட்டு அரசியலே ஏமாற்று என்று ஊர் ஊராகப் பாடிய மனிதர், 2018-இல் வரிசையில் நின்று முதல் தடவையாக ஓட்டுப் போட்டார். கோயிலுக்குப் போனார். 2023 ஜூலையில் கம்மம் கூட்டத்து மேடையில் ராகுல் காந்தியைக் கட்டிப்பிடித்தார். அவர் பாட்டைக் கேட்டுவிட்டுக் காட்டுக்குப் போன பிள்ளைகளில் எத்தனையோ பேர் வீடு திரும்பவில்லை. அந்தப் பிள்ளைகளைப் பெற்றவர்கள் அந்தக் காட்சியை டிவியில் பார்த்திருப்பார்கள். எனக்கு அதுதான் தாங்கவில்லை.

ராயபுரம்:
தம்பி, எங்கள் வீட்டில் தெலுங்குதான் பேசுவோம். அப்பா மாநகராட்சியில் துப்புரவு வேலை பார்த்தார். விஜயவாடாவில் ஒரு கல்யாணத்துக்குப் போன சித்தப்பா கேசட் ஒன்று வாங்கி வந்தார். மேலே சினிமாப் பாட்டு லேபிள், உள்ளே கத்தர். நாடா அடிக்கடி சிக்கிக்கொள்ளும். அப்பா பால்பாயிண்ட் பேனாவைச் செருகிச் சுற்றுவார். சத்தத்தைக் குறைத்துத்தான் வைப்பார், பக்கத்து வீட்டில் என்ன நினைப்பார்களோ என்று பயம். லச்சுமம்மா பாட்டு வந்துவிட்டால் அம்மா அரிசியில் கல் பொறுக்குவதை நிறுத்திவிடுவார். முறம் மடியில் கிடக்கும், பாட்டு முடிகிற வரை கை அசையாது.

அம்மாவுக்கு எந்தக் கட்சியும் தெரியாது. தன்னைப் போல ஒரு பொம்பளையைப் பற்றி ஒருத்தர் பாட்டுக் கட்டியிருக்கிறார் என்பதுதான் அவருக்கு அதிசயம். நீங்கள் கட்டிப்பிடித்ததை மட்டும் பார்க்கிறீர்கள்.

பறைக்குச்சி:
அக்கா சொல்வதுதான் சரி. 1997 ஏப்ரல் 6 அன்று செகந்திராபாத்தில் அவர் வீட்டுக்கே வந்து சுட்டார்கள். ஒரு குண்டை எடுத்தால் உயிருக்கு ஆபத்து என்று டாக்டர்கள் முதுகெலும்புப் பக்கத்திலேயே விட்டுவிட்டார்கள். அதைச் சுமந்துகொண்டு 26 வருஷம் பாடினார். பாடினார் என்றால் நாற்காலியில் உட்கார்ந்து இல்லை. வேட்டியை இழுத்துக் கட்டி, காலில் சலங்கை, தோளில் ஆட்டுமந்தைக்காரர்கள் போர்த்துகிற கறுப்புக் கம்பளி, கையில் கோல். இரண்டு அடி எகிறிக் குதித்து அடவு வைப்பார். நாமே அரை மணி நேரம் பறையோடு ஆடினால் மறுநாள் இடுப்பு பிடித்துக்கொள்கிறது.

அயனாவரம் ரிடையர்டு:
நான் 31 வருடம் காவல்துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பிடிக்காவிட்டாலும் கேளுங்கள். 2023 ஆகஸ்ட் 6-இல் அவர் இறந்தபோது தெலங்கானா அரசு அரசு மரியாதையோடு அடக்கம் செய்தது. பணியில் உயிர்விட்ட காவலர்களை அவமதிக்கிற செயல் என்று அப்போதே அங்கே எதிர்ப்புக் கிளம்பியது. கண்ணிவெடியில் செத்த கான்ஸ்டபிள்கள் யார்? அவர்களும் குடிசை வீட்டுப் பிள்ளைகள்தான். ஒரு கான்ஸ்டபிளின் அம்மாவைப் பற்றி அவர் பாட்டுக் கட்டினாரா?

பறைக்குச்சி:
ஐயா, அந்தச் சாவுகளை யாரும் சின்னதாகப் பேசவில்லை. ஆனால் பாடினவர்கள் பட்டதையும் பாருங்கள். பெல்லி லலிதா என்று ஒரு பாடகி, நூல் மில்லில் வேலை பார்த்தவர், தெலங்கானா தனி மாநிலத்துக்காகப் பாடினவர். 1999-இல் புவனகிரியில் அவரைக் கொன்று 17 துண்டாக வெட்டிப் போட்டார்கள். அவர் கையில் துப்பாக்கி எதுவும் இல்லை. அவ்வளவு தூரம் போவானேன், இங்கேயே 2015-இல் டாஸ்மாக்கை மூடச் சொல்லிப் பாடினதற்குக் கோவன் மேல் தேசத்துரோக வழக்குப் போட்டார்கள்.

கொருக்குப்பேட்டை:
கோவனுக்கு நடந்ததைக் கண்டித்து நானும் தெருவில் நின்றேன். என் கேள்வி வேறு. இத்தனை அடி வாங்கின கத்தர் ஏன் கடைசியில் அதே மேடைகளுக்குப் போனார்? அவர் இறந்ததும் மாவோயிஸ்ட் கட்சி இரங்கல் அறிக்கை விட்டது. அவர் எங்களை விட்டுப் போய்விட்டார் என்பதையும் அதிலேயே எழுதினார்கள்.

ராயபுரம்:
விட்டுப் போனார் என்று எழுதிவிட்டும் துக்கம் சொன்னார்கள் இல்லையா? கூட இருந்தவர்களுக்கே அந்த மனசு இருந்திருக்கிறது. கொருக்குப்பேட்டையில் உட்கார்ந்துகொண்டு நாம் ஏன் அவரைக் கூண்டில் ஏற்றுகிறோம்?

அவர் ஏன் மாறினார் என்று நானும் பல நாள் யோசித்திருக்கிறேன். பேச்சுவார்த்தை என்றபோது இயக்கத்தின் தூதர்களில் ஒருவராக அரசாங்கத்திடம் போனார். அது கைகூடவில்லை, மறுபடி சாவுகள்தான் விழுந்தன. அப்புறம் தனி மாநிலத்துக்காகத் தொண்டை வற்றப் பாடினார். 2014-இல் மாநிலம் கிடைத்தது. பாடினவர்களில் எத்தனை பேர் வீட்டில் விளக்கெரிந்தது? வயசு 70-ஐ நெருங்கும்போது, எந்த வழியிலாவது ஏதாவது நடக்காதா என்று ஒரு மனுஷன் தேடியிருக்கலாம். அது தப்பான வழி என்று நீங்கள் சொல்லுங்கள், ஒத்துக்கொள்கிறேன். விலைபோனார் என்று மட்டும் சொல்லாதீர்கள். விருது கொடுத்தபோது வேண்டாம் என்ற ஆள் அவர். ஆந்திர அரசின் சினிமா விருதான நந்தி விருதை ஏற்க மறுத்தார். இப்போது தெலங்கானா அரசு தன் சினிமா விருதுக்கே கத்தர் பெயர் வைத்திருக்கிறது. உயிரோடு இருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ.

கொருக்குப்பேட்டை:
விலைபோனார் என்று நான் சொல்லவில்லை அக்கா. அந்த வார்த்தையை நான் எழுதவும் மாட்டேன். நானும் அவர் பாட்டைக் கேட்டுத்தான் பறையைக் கையில் எடுத்தேன். அதனால்தான் இவ்வளவு கோபம்.

அயனாவரம் ரிடையர்டு:
என் கேள்விக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.

பறைக்குச்சி:
என்னிடம் பதில் இல்லை ஐயா. அந்த அம்மாவுக்கும் ஒரு பாட்டு இருந்திருக்க வேண்டும். அதை எங்கள் குழு எழுதும், வந்து கேளுங்கள்.

கொருக்குப்பேட்டை:
படம் விஷயத்தில் நான் மாறவில்லை. நாளை மறுநாள் குழுவில் கை தூக்கி முடிவு செய்யட்டும், கட்டுப்படுகிறேன். ஆனால் லச்சுமம்மா பாட்டு நிகழ்ச்சியில் கட்டாயம் இருக்கட்டும். எங்களில் யாருக்கும் தெலுங்கு உச்சரிப்பு சரியாக வராது. யார் பாடுவது?

ராயபுரம்:
அம்மாவைக் கேட்டுவிட்டேன், பாடுகிறேன் என்கிறார். முழங்கால் வலி, உட்கார்ந்துதான் பாடுவார், அதனால் மைக்கைத் தாழ்வாக வையுங்கள். அவர் பாடும்போது பறை வேண்டாம். முடித்துவிட்டு உங்களைப் பார்ப்பார், அப்போது அடியுங்கள்.