அப்பாவின் மோட்டார்சைக்கிளுக்கு லாக் கார்டு இல்லை, ஸ்கிராப் செய்ய முடியுமா?

ஈசூன் மகள்:

எல்லாருக்கும் வணக்கம். எனக்கு வாகன விஷயம் எதுவும் தெரியாது, ஓட்டுநர் உரிமம்கூடக் கிடையாது. அதனால் ஆரம்பத்திலிருந்தே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அப்பா இந்த வருஷம் ஜனவரியில் தவறிவிட்டார். 71 வயது. இங்கே சிங்கப்பூரில், செம்பவாங் கப்பல் பட்டறையில் 30 வருஷத்துக்கு மேல் வெல்டராக இருந்தவர். வேலையை விட்ட பிறகும் ஞாயிற்றுக்கிழமை காலையில் தேக்கா சந்தைக்குப் போய் மீன் வாங்கி வருவார். எல்லாம் அந்த ஹோண்டா வேவில்தான். 2009இல் புதிதாக வாங்கியது. 2019 ஆகஸ்ட்டில் சிஓஇ, அதாவது வண்டி வைத்திருப்பதற்கான உரிமைச் சான்றிதழ், முடிந்தபோது, "போதும்பா, பஸ்ஸில் போங்கள்" என்று தம்பி எவ்வளவோ சொன்னான். கேட்கவில்லை. 3,600 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) கட்டி இன்னும் 10 வருஷத்துக்குப் புதுப்பித்துவிட்டார்.

அந்தப் பணம் கட்டிய ரசீது பிஸ்கட் டின்னில் பத்திரமாக இருக்கிறது. வண்டியின் பதிவு அட்டையான லாக் கார்டைத்தான் காணோம். அலமாரி, சாமி மேடைக்குக் கீழே, அம்மாவின் நகைப் பெட்டி வரை தேடிவிட்டோம்.

வண்டி புளோக்கின் கீழே நிற்கிறது. இரண்டு டயரிலும் காற்று இல்லை. சாலை வரி முடியப்போகிறது என்று அப்பா பெயருக்குக் கடிதம் வந்தது. அதைப் பிரித்துப் படித்துவிட்டு என்ன செய்வதென்று தெரியாமல் அம்மா அப்பா படத்துக்கு முன்னால் வைத்திருக்கிறார். அங்கேயே இருக்கிறது.

போன வாரம் தெரிந்தவர் மூலமாக ஒரு ஒர்க்‌ஷாப் ஆள் வந்து பார்த்தார். "120 வெள்ளி தருகிறேன். பேப்பர் ஒன்றும் வேண்டாம். சாவியைக் கொடுங்கள், இன்றைக்கே லாரியில் ஏற்றிக்கொள்கிறேன்" என்றார். எனக்கு மனம் ஒப்பவில்லை, நாளைக்குச் சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டேன். அது துருப்பிடித்துக்கொண்டு நிற்பதைப் பார்க்கவும் முடியவில்லை. லாக் கார்டு இல்லாமல் முறையாக ஸ்கிராப் செய்ய வழி உண்டா? காணாமல் போனதற்குப் போலீஸ் ரிப்போர்ட் எழுத வேண்டுமா? அம்மாவை அலைக்கழிக்காமல் நானே முடிக்க முடியுமா?

பொத்தோங் பாசிர்:

அக்கா, இது ரொம்பச் சுலபம். இப்போது எல்லாம் நிலப் போக்குவரத்து ஆணையத்தின் ஒன்மோட்டரிங் இணையத்தளத்தில்தான். அப்பாவின் கைபேசி உங்களிடம்தானே இருக்கும்? அவருடைய சிங்பாஸில் (அரசாங்கச் சேவைகளுக்கான மின்னியல் அடையாளம்) உள்ளே போய் டீரெஜிஸ்டர், அதாவது பதிவு ரத்து, என்று அழுத்துங்கள், ஐந்து நிமிஷ வேலை. லாக் கார்டு யாரும் கேட்க மாட்டார்கள்.

காக்கி புக்கிட் பட்டறை:

தங்கச்சி, அப்பாவை இழந்ததற்கு என் ஆழ்ந்த அனுதாபம். 22 வருஷமாக மோட்டார்சைக்கிள் ஒர்க்‌ஷாப்பில் இருக்கிறேன். இந்த மாதிரி வருஷத்துக்கு இரண்டு மூன்று குடும்பங்கள் என்னிடம் வருகின்றன.

முதலில், பொத்தோங் பாசிர் தம்பி மேலே சொன்னதைத் தயவுசெய்து செய்யாதீர்கள். அவர் நல்ல எண்ணத்தில்தான் சொல்கிறார். ஆனால் இன்னொருவரின் சிங்பாஸில் நுழைவது குற்றம், அவர் இறந்துவிட்டார் என்பதால் அது சரியாகிவிடாது. இறந்த தேதிக்குப் பிறகு அவரே கையெழுத்துப் போட்டது போல ஒரு பதிவு உருவாகும். நாளைக்கு வங்கிக் கணக்கு, சொத்து என்று வரும்போது அது உங்கள் அம்மாவுக்குத்தான் தலைவலி.

அடுத்தது லாக் கார்டு. அதை நினைத்து ஒரு நாள்கூடத் தூக்கம் கெட வேண்டாம். ஊரில் ஆர்சி புக் என்றால் உயிர், அது இல்லாமல் எதுவும் நடக்காது என்ற பழக்கம் நம் ஆட்களிடம் இருக்கிறது. இங்கே வண்டி யாருடையது என்பது நிலப் போக்குவரத்து ஆணையத்தின் கணினியில்தான் இருக்கிறது. அட்டை தொலைந்தால் வண்டி தொலைந்துவிடாது. போலீஸ் ரிப்போர்ட்டும் வேண்டாம்.

உங்களுடைய சிக்கல் அட்டை இல்லாதது அல்ல. அந்தக் கணினியில் இருக்கும் பெயருக்குரியவர் இப்போது இல்லை. அவருக்காகக் கையெழுத்துப் போடும் உரிமை யாருக்கு என்பதுதான் கேள்வி. அப்பா உயில் எழுதியிருந்தால் அதில் நிர்வாகியாகச் சொல்லியிருப்பவர் நீதிமன்றத்தில் புரொபேட், அதாவது உயிலை உறுதிசெய்யும் உத்தரவு, வாங்க வேண்டும். உயில் இல்லையென்றால் லெட்டர்ஸ் ஆஃப் அட்மினிஸ்ட்ரேஷன், அதாவது இறந்தவரின் சொத்தை நிர்வகிக்க நீதிமன்றம் தரும் உத்தரவு. சுருக்கமாக எல்ஏ என்பார்கள். குடும்ப நீதிமன்றத்தில் விண்ணப்பிக்க வேண்டும். முதல் உரிமை உங்கள் அம்மாவுக்கு, அவருக்குப் பிறகுதான் பிள்ளைகள். ஆகவே அம்மாவின் கையெழுத்து இல்லாமல் முடியாது, ஆனால் ஓடியாடும் வேலையை நீங்கள் செய்யலாம்.

அந்த 120 வெள்ளி ஆளைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். பேப்பர் வேண்டாம் என்கிறவர் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விடுவார், ஆணையத்தின் பதிவில் அது அப்பா பெயரிலேயே இருக்கும். சாலை வரி நிலுவை ஏறிக்கொண்டே போகும். யாராவது அந்த நம்பர் பிளேட்டோடு வண்டியை ரோட்டில் விட்டால், விபத்து நடந்தால், கடிதம் உங்கள் வீட்டு முகவரிக்குத்தான் வரும்.

பணக் கணக்கிலும் நஷ்டம். 3,600 வெள்ளி, 10 வருஷம், அதாவது 120 மாதம். மாதத்துக்கு 30 வெள்ளி. 2029 ஆகஸ்ட் வரை பாக்கி இருக்கும் மாதங்களுக்கு அந்தக் கணக்கில் சிஓஇ பணம் திரும்ப வரும். 2025 அக்டோபரில் டீரெஜிஸ்டர் செய்தாலும் 46 மாதம், 1,380 வெள்ளி. காருக்குக் கிடைக்கும் பார்ஃப் தள்ளுபடி மோட்டார்சைக்கிளுக்குக் கிடையாது, அதை எதிர்பார்க்காதீர்கள். ஆனால் இந்த 1,380 உங்கள் அப்பா வியர்வை சிந்திக் கட்டிய பணம். அதை 120க்கு விட்டுவிடக் கூடாது.

டீரெஜிஸ்டர் ஆன பிறகு வண்டியை ரோட்டில் ஓட்டக் கூடாது, ஒரு மாதத்துக்குள் ஸ்கிராப் செய்தாக வேண்டும். ஆணையம் அங்கீகரித்த ஸ்கிராப் யார்டாக இருக்க வேண்டும், அவர்களிடம் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ளுங்கள். லாரி வைத்து அனுப்புங்கள். டயரில் காற்று அடித்து யாராவது பையனை ஓட்டிப்போகச் சொல்லும் யோசனை வந்தால் விட்டுவிடுங்கள், அப்பாவின் காப்புறுதி அவனைக் காப்பாற்றாது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். உங்கள் வண்டிக்கு இது பொருந்தாது, ஆனால் படிக்கிற மற்றவர்களுக்காக. 2003 ஜூலை 1க்கு முன் பதிவான மோட்டார்சைக்கிள் 2028 ஜூன் 30க்குப் பிறகு சாதாரணமாக ரோட்டில் ஓட முடியாது. புகை மாசுக்காக 2018இல் அறிவித்த திட்டம். 2023 ஏப்ரல் 5க்குள் அப்படிப்பட்ட வண்டியை டீரெஜிஸ்டர் செய்தவர்களுக்கு 3,500 வெள்ளி வரை ஊக்கத்தொகை இருந்தது. எனக்குத் தெரிந்த ஒரு பெரியவர் வைத்திருந்த யமஹா ஆர்எக்ஸ்இசட், கண்ணாடி மாதிரி துடைத்து வைத்திருப்பார். 2022இல் அவர் போய்ச் சேர்ந்தார். வண்டி யாருக்கு என்று பிள்ளைகள் மூன்று பேரும் பேசிக்கொண்டே இருந்தார்கள். யாரும் நீதிமன்றத்துக்குப் போகவில்லை. அந்தத் தேதி போய்விட்டது. நான் இரண்டு தடவை போன் செய்து சொன்னேன். மூன்றாவது தடவை வீட்டுக்கே போயிருக்க வேண்டும் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

ஜாலான் பெசார்:

பட்டறை அண்ணன் சொன்னது சரி. ஒரு விஷயம் சேர்க்கிறேன். முஸ்லிம் குடும்பமாக இருந்தால், முதலில் ஷரியா நீதிமன்றத்தில் வாரிசுச் சான்றிதழ் எடுக்க வேண்டும். யாருக்கு எத்தனை பங்கு என்று அதில் இருக்கும். அதை வைத்துத்தான் எல்ஏ விண்ணப்பம். என் மாமாவின் வேனுக்கு நாங்கள் இதைத் தெரியாமல் நேராக வக்கீலிடம் போய், திரும்பி வந்து மறுபடியும் தொடங்கினோம். மாமி இத்தாவில் (கணவர் இறந்த பிறகு மனைவி காத்திருக்கும் காலம்) இருந்த நேரம், ஒவ்வொரு தாளையும் வீட்டுக்குக் கொண்டுவந்து காட்டி விளக்க வேண்டியிருந்தது.

மாசாய்:

நான் ஜொகூரிலிருந்து தினமும் வேலைக்கு வருகிறவன். என் அண்ணன் விட்டுப்போன மலேசியப் பதிவு மோட்டார் ஒன்று வீட்டில் கிடக்கிறது, கிரான் (பதிவுப் பத்திரம்) இல்லை. இங்கே சிங்கப்பூரில் கொடுத்துவிட முடியுமா?

காக்கி புக்கிட் பட்டறை:

முடியாது தம்பி. எந்த நாட்டில் பதிவோ அந்த நாட்டில்தான் பதிவை ரத்து செய்ய முடியும். நீங்கள் மலேசியச் சாலைப் போக்குவரத்துத் துறையான ஜேபிஜே அலுவலகத்துக்குத்தான் போக வேண்டும். அண்ணன் இருக்கிறாரா இல்லையா என்று நீங்கள் எழுதவில்லை. இருக்கிறார் என்றால் அவரையே கூட்டிக்கொண்டு போங்கள், பாதி வேலை குறையும்.

ஈசூன் மகள்:

அண்ணா, ரொம்ப நன்றி. படித்துக் காட்டியபோது அம்மா அழுதுவிட்டார், 3,600 வெள்ளி கட்டியதற்காக அன்றைக்கு அப்பாவிடம் இரண்டு நாள் பேசாமல் இருந்தாராம்.

ஒரு சந்தேகம். வீடு அம்மா அப்பா இருவர் பெயரிலும் கூட்டாக இருந்தது, அது அம்மாவுக்கே வந்துவிடும் என்று சொன்னார்கள். மசேநி (மத்திய சேமநிதி) பணத்துக்கு அப்பா அம்மாவை நியமித்திருந்தார், அதுவும் வந்துவிட்டது. இந்த மோட்டார்சைக்கிளுக்காக மட்டும் எல்ஏ எடுத்தால் வக்கீல் செலவே 1,380ஐத் தாண்டிவிடாதா?

காக்கி புக்கிட் பட்டறை:

தாண்டலாம். வண்டி மட்டும்தான் இருக்கிறது என்றால் நானும் யோசிக்கச் சொல்வேன். ஆனால் அப்பாவின் தனிப் பெயரில் வங்கிக் கணக்கு எதுவும் இல்லையா? சம்பளம் வந்த பழைய கணக்கு? அதில் இருக்கும் பணத்தையும் அதே எல்ஏவில் எடுக்கலாம். ஒரே செலவு. வக்கீலிடம் போகும் முன் அப்பா பெயரில் என்னென்ன இருக்கிறது என்று ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள், விட்டுப்போனதைப் பிறகு சேர்ப்பது வீண் அலைச்சல்.

அப்புறம் உயில் இல்லையென்றால் சட்டப்படி பாதி அம்மாவுக்கு, மீதிப் பாதி உங்களுக்கும் தம்பிக்கும் சமமாக. இருவருமே அம்மாவுக்கு விட்டுக்கொடுக்க நினைத்தாலும் அதை எழுத்தில் செய்யுங்கள்.

ஈசூன் மகள்:

ஐந்து மாதம் கழித்து எழுதுகிறேன். முடிந்துவிட்டது.

அப்பாவின் பழைய சேமிப்புக் கணக்கு ஒன்று இருந்தது, 8,000 வெள்ளிக்குக் கொஞ்சம் மேல். பட்டறை அண்ணன் கேட்டிருக்காவிட்டால் அதை யாரும் தேடியிருக்க மாட்டோம். அம்மா பெயரில் எல்ஏ விண்ணப்பித்தோம், வக்கீல் செலவு எல்லாம் சேர்த்து 1,900 வெள்ளி. பெர்த்தில் இருக்கும் தம்பி அங்கிருந்தே கையெழுத்துப் போட்டு அனுப்பினான். இறப்புச் சான்றிதழ் இப்போது மின்னியல் வடிவில்தான் வருகிறது. அந்தக் கோப்பை ஆரம்பத்திலேயே இறக்கி வைத்திருந்தது எல்லா இடத்திலும் உதவியது.

எல்ஏ கிடைத்ததும் அம்மாவும் நானும் சின் மிங் டிரைவில் ஆணையத்தின் அலுவலகத்துக்குப் போனோம். லாக் கார்டு என்ற வார்த்தையையே யாரும் எடுக்கவில்லை. எல்ஏ, இறப்புச் சான்றிதழ், அம்மாவின் அடையாள அட்டை. சாலை வரி நிலுவையைக் கட்டினோம். சிஓஇ பணம் அண்ணன் போட்ட கணக்குக்குச் சில வெள்ளிதான் வித்தியாசம். நாள் கணக்கும் சேர்வதால் என்று நினைக்கிறேன்.

வண்டியை அனுப்பும் முன் என்னென்ன கழற்றலாம் என்று ஸ்கிராப் யார்டிலேயே கேட்டேன். சேசிஸ் எண்ணும் என்ஜின் எண்ணும் இருக்கும் பகுதிகளைத் தொடாதீர்கள், மற்றதைப் பற்றிக் கவலையில்லை என்றார்கள். பின்னால் இருந்த பெட்டியையும் இடது பக்கக் கண்ணாடியையும் எடுத்துக்கொண்டோம். பெட்டிக்குள் மழைக்கோட்டு மடித்தபடியே இருந்தது. சீட்டுக்கு அடியில் ஒரு ஸ்பேனர், ஒரு திருநீற்றுப் பொட்டலம், கிழிக்காத 65 காசு பார்க்கிங் கூப்பன் இரண்டு.

லாரி காலை ஒன்பதரைக்கு வந்தது. சுங்கை காடுட் வரைக்கும் 50 வெள்ளி. அம்மா கீழே வந்து, சீட்டுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். லாரிக்காரர் அவசரப்படுத்தவில்லை, ஓரமாகப் போய் நின்றுகொண்டார். அவர் தமிழர் இல்லை, எங்களுக்குள் ஒரு வார்த்தை பேச்சில்லை, ஆனாலும் அவருக்குப் புரிந்தது.

ஸ்கிராப் ஆனது பதிவாகிவிட்டது என்று தெரிந்த அன்று மாலை, அப்பா படத்துக்கு முன்னால் இருந்த அந்தச் சாலை வரிக் கடிதத்தை அம்மாவே எடுத்து எல்ஏ நகலோடு கோப்பில் வைத்தார். லாக் கார்டு இன்னும் கிடைக்கவில்லை. இப்போது யாரும் தேடுவதில்லை.

அண்ணா, உங்கள் ஒர்க்‌ஷாப் காக்கி புக்கிட்டில் எந்தப் பக்கம் என்று தனிச் செய்தியில் சொல்லுங்கள். தீபாவளிக்கு அம்மா முறுக்கு சுட்டிருக்கிறார், உங்களுக்கென்று ஒரு டின் தனியாக எடுத்து வைத்திருக்கிறார்.